மண்டபத்துக் கூரையில் ஒரு மதிப்புரை

எங்கள் வெள்ளக்காட்டுப்பாளையத்தில் புத்தகத்தைப் பற்றி மேடையில் பேசுகிறவர் அந்தப் புத்தகத்தைப் படித்திருக்கக் கூடாது என்று சட்டம் ஒன்றும் கிடையாது, ஆனால் படித்துவிட்டு வந்து பேசினவர் என்று ஒருத்தரை இந்த ஊர் அதுவரைக்கும் பார்த்ததும் கிடையாது. முதல் பக்கத்தில் பாதி, நடுவில் விரலை விட்டுப் பிரித்த இடத்தில் நாலு வரி, கடைசிப் பக்கத்தில் கடைசிப் பத்தி, அப்புறம் பின்னட்டை, அவ்வளவுதான் படிப்பு. இந்தக் கூட்டங்களை நடத்துகிற இலக்கியச் சோலைக்காரர்கள் இதற்குத் 'தொட்டுப் படிக்கிறது' என்று பெயரே வைத்திருந்தார்கள். தொட்டுப் படித்தவர் மேடையேறி முக்கால் மணி நேரம் முழங்குவார், எழுதினவர் முன்வரிசையில் கைக்குட்டையை முறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பார், முழக்கம் முடிந்ததும் பொன்னாடை, பொன்னாடை முடிந்ததும் கேசரியும் தக்காளிச் சாதமும், சாப்பிட்டுக் கையைக் கழுவுகிறபோது புத்தகத்தையும் சேர்த்துக் கழுவிவிட்டு எல்லாரும் வீடு போய்ச் சேருவோம்.

எங்கள் பக்கத்துப் பேச்சு இனிப்பு என்று வெளியூர்க்காரர்கள் சொல்வார்கள், அதைக் கேட்டுக் கேட்டு நாங்களும் இன்னொரு கரண்டி சர்க்கரையைச் சேர்த்துக்கொள்வோம். வேண்டாத சொந்தம் ஒறம்பரை என்று வாசலில் வந்து நின்றாலும் "இப்பத்தானுங்க உங்களைப் பத்திப் பேசிட்டிருந்தோம்" என்போம். பெண் பார்க்கப் போன இடத்தில் வேண்டாம் என்று கண்ணாலேயே பேசி முடித்துக்கொண்ட பிறகும் "புள்ள மகாலட்சுமியாட்ட இருக்குதுங்க, ஊட்டுக்குப் போய்ச் சொல்லி அனுப்பறோமுங்க" என்று காப்பியைக் குடித்துவிட்டுத்தான் எழுந்திருப்போம். முகத்துக்கு நேராக ஒருத்தர் மனசு நோகப் பேசிவிட்டால் அவரை இந்த ஊரில் மனுசக் கணக்கிலேயே சேர்க்க மாட்டோம்.

இப்படிப்பட்ட ஊரில் தொட்டுப் படிப்பதிலும் தேனாகப் பேசுவதிலும் முதல் ஆள் யார் என்றால் என் வீட்டுக்காரர்தான். சென்னியப்பன் என்று பெயர், பெரிய பள்ளிக்கூடத்துத் தலைமையாசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர், மைக் இல்லாமலே பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கேட்கிற குரல். அவருக்கு வாழ்க்கைப்பட்ட துளசிமணி நான். கல்யாணம் ஆன நாள் தொட்டு என் ரசத்தைப் 'பிரமாதம்' என்று சொல்லாமல் அவர் இலையைவிட்டு எழுந்ததில்லை. நானும் அதை நம்பித்தான் இத்தனை வருஷமாகப் புளியைக் கரைத்துக்கொண்டிருந்தேன்.

நான் சொல்ல வந்த நாவலை எழுதினவள் கோகிலவாணி. தாலுகா ஆபீசுக்கு எதிரே ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறவள், முப்பத்தஞ்சைத் தாண்டினவள், கல்யாணம் செய்துகொள்ளாதவள், ஒரு பேச்சுக்கு நாலு பேச்சு பேசத் தெரியாதவள். வில்லங்கச் சான்றுக்கும் வாரிசுச் சான்றுக்கும் நடுவே, மெஷின் சூடாகி நிற்கிற நேரமாகப் பார்த்து, வருஷக்கணக்காக உட்கார்ந்து எழுதி, யாருக்கும் சொல்லாமல் அச்சடித்துக்கொண்டு வந்து நின்றாள். 'தரையிழந்தோர்' என்று தலைப்பு. தூக்கினால் செங்கல் கனம். உள்ளே நாடுகள், மலைகள், வம்சாவளி, வரைபடம் எல்லாம் இருந்தன.

மந்திரமும் இருந்தது. மந்திரம் என்றால் கோலும் மூலிகையும் யாகமும் இல்லை. அடுத்தவர் காதுக்கு இனிக்க வேண்டும் என்பதற்காகத் தன் மனசுக்கு ஒப்பாத சொல்லைச் சொன்னவன் தரையை இழப்பான், அதுதான் அந்த நாட்டு மந்திரம். சந்தையில் சொல்கிற பொய்க்கும் கோர்ட்டில் சொல்கிற பொய்க்கும் இது கிடையாது, இனிக்கிற பொய்க்கு மட்டும்தான். மனசுக்கும் சொல்லுக்கும் எவ்வளவு தூரமோ அவ்வளவு உயரம். இறங்க வேண்டுமென்றால் அதே விஷயத்தைப் பற்றி, அதே காதில், மனசறிந்த சொல்லைச் சொல்ல வேண்டும். அப்படி இச்சகம் பேசியே மேலே போனவர்கள் ஒன்றுகூடி வானத்தில் ஒரு நாடு கட்டிக்கொண்டு கீழே இருக்கிறவர்களை ஆண்டார்கள் என்று போகிறது கதை. இதெல்லாம் எனக்கு அப்போது தெரியாது. தெரிந்திருந்தால் அன்றைக்கு அவரை வீட்டுச் சோபாவோடு சேர்த்துக் கட்டிப் போட்டிருப்பேன்.

கூட்டம் ரைஸ்மில் அர்த்தநாரியின் கல்யாண மண்டபத்தில் நடந்தது. அர்த்தநாரிதான் இலக்கியச் சோலைக்குத் தலைவர், மண்டபமும் அவருடையது, தலைவர் பதவியும் மண்டபத்தால் வந்தது. என் வீட்டுக்காரர் வழக்கம்போல ஆட்டோவில் வருகிறபோது தொட்டுப் படித்துவிட்டு, மேடையேறி, தொண்டையைச் செருமி, "உலகத் தரமான நாவல்" என்று ஆரம்பித்தார். ஆரம்பித்ததும் வேட்டிக் கரை தரையைவிட்டு ஒரு விரல் எழும்பியது. "பக்கத்துக்குப் பக்கம் என்னைத் தூங்கவிடாமல் செய்த காவியம்" என்றார், ஒரு முழம் எழும்பினார். மைக் எட்டாமல் போனதும் குனிந்து மைக்கைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு "எங்கள் மண்ணின் மணம் வரிக்கு வரி வீசுகிறது" என்று முழங்கினார், மண் அவர் காலுக்கு ஓர் ஆள் உயரம் கீழே போயிருந்தது. அப்புறம் பின்னட்டையைத் தப்பாக ஞாபகம் வைத்துக்கொண்டு, உண்மை பேசுகிறவர்கள் வானத்தில் பறக்கிறார்கள் என்ற உன்னதத் தத்துவத்தை இந்த அம்மணி நமக்கு வழங்கியிருக்கிறார் என்று ஒரே போடாகப் போட்டார். அந்தப் போட்டில் சீரியல் விளக்குகளைத் தாண்டிப் போய் மண்டபத்துக் கூரையில் முதுகு முட்டினார். முட்டின பிறகுதான் நன்றி, வணக்கம் சொன்னார்.

முன்வரிசையில் கோகிலவாணி கைக்குட்டையை முறுக்குவதை நிறுத்திவிட்டாள். அவர் மேலே போனதற்காக அல்ல. தன் புத்தகத்தை அவர் படிக்கவில்லை என்பது அவளுக்கு அந்த நிமிஷம் தெரிந்துவிட்டது.

கூட்டத்தில் ஒருத்தர்கூட வாயைப் பிளக்கவில்லை. ஏன் பிளக்கவில்லை என்று என்னைக் கேட்காதீர்கள், பேச்சாளர் கூரைக்குப் போனால் என்ன செய்ய வேண்டும் என்று ஒரு மரபு இல்லாததால், இருக்கிற மரபை வைத்துச் சமாளித்தார்கள். அர்த்தநாரி முதல் வேலையாக ஃபேனையெல்லாம் நிறுத்தச் சொன்னார். பந்தல்காரரின் மூங்கில் ஏணியைக் கொண்டுவந்து சார்த்தி, தலைவரே மூச்சு வாங்க ஏறிப் போய்ப் பொன்னாடை போர்த்தினார். போட்டோக்காரர் கீழே மல்லாந்து படுத்துக்கொண்டு "சார், சித்த கீழ பாருங்க" என்று படம் எடுத்தார். அப்புறம் எல்லாரும் சாப்பிடப் போய்விட்டார்கள். எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை. மனுசன் ரத்தக் கொதிப்புக்கு மாத்திரை போடுகிறவர், அங்கே பல்லி மாதிரி ஒட்டிக்கொண்டிருக்கிறார், இங்கே கேசரிக்கு வரிசையில் நிற்கிறார்கள்.

"ஏனுங்க, எறங்கி வாங்க" என்று கீழே நின்று சொன்னேன். வரத் தெரிந்தால் வந்திருக்க மாட்டாரா என்று அவர் மேலேயிருந்து என்மேல் எரிந்து விழுந்தார். அது மனசறிந்த பேச்சுதான், ஆனால் என்னிடம் சொல்லி என்ன பிரயோசனம்.

மறுநாள் காலையில் கோகிலவாணியைக் கூப்பிட்டு விட்டோம், மெஷினைச் செய்தவரைக் கூப்பிட்டுப் பழுது காட்டுகிற மாதிரி. அவள் அண்ணாந்து பார்த்து, அவர் சொன்னதையெல்லாம் விரல்விட்டு எண்ணி, நாவலில் இருக்கிற மந்திரச் சட்டத்தை விளக்கினாள். என் வீட்டுக்காரர் உடனே கூச்சத்தை விட்டு "அம்மணி, நான் படிக்கலீங்க" என்றார். அது உண்மை. உண்மைக்கு ஏற்ற மாதிரி ஒரு சாண் இறங்கினார், பின்மண்டை கூரையில் இடிக்காமல் ஆனது. அவ்வளவுதான். படிக்கவில்லை என்பது அவரைப் பற்றின உண்மை. புத்தகத்தைப் பற்றி அத்தனை பேச்சுப் பேசியிருக்கிறாரே, அதற்குப் புத்தகத்தைப் பற்றித்தான் உண்மை சொல்ல வேண்டும். மன்னித்துவிட்டேன் என்று ஒரு வார்த்தை சொல்லிவிடேன் கண்ணு என்று நான் அவள் கையைப் பிடித்துக் கேட்டேன். அவள் முடியாது என்று தலையை ஆட்டினாள்.

"முழுசாப் படிக்கோணுமுங்க அக்கா. வேற வழி நான் எழுதலீங்க."

ஒட்டடைக் குச்சியின் நுனியில் புத்தகத்தைக் கட்டி மேலே நீட்டினோம். ட்யூப் லைட் பக்கமாக நகர்ந்துபோய், கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, கவிழ்ந்த வாக்கில் முதல் பக்கத்தைப் பிரித்தார். ஒரு புத்தகத்தை முதல் பக்கத்திலிருந்து அவர் படிக்க ஆரம்பித்து எத்தனை வருஷம் ஆனது என்று அவருக்கே தெரியாது.

மண்டபம் சும்மா கிடக்கிற மண்டபம் இல்லை, முகூர்த்த நாள் வந்துகொண்டே இருந்தது. முதலில் வந்த கல்யாண வீட்டார் அண்ணாந்து பார்த்தார்கள், பெரியவர் ஒருத்தர் மேலே இருக்கிறது சகுனத்துக்கு நல்லதுதான் என்று அவர்களே முடிவு செய்து, ஒரு தட்டில் அட்சதையை மேலே அனுப்பி, தாலி கட்டுகிறபோது தூவச் சொன்னார்கள். அவரும் பக்கத்தில் விரலை வைத்து அடையாளம் பார்த்துக்கொண்டு, தூவிவிட்டு, மறுபடி படித்தார். அந்தக் கல்யாணத்தில்தான் மாப்பிள்ளையின் அத்தை, பெண் வீட்டாரைப் பார்த்து "சீரெல்லாம் எங்களுக்கு எதுக்குங்க, புள்ள வந்தாப் போதும்" என்று சொல்லிப் பந்தி இலைக்கு மேலே தூக்கிக்கொண்டு போனார். கையில் பாயசக் கிண்ணத்தோடு. அவரை ஜன்னல் கம்பியில் முந்தானையால் முடிந்து வைத்துவிட்டுச் சாப்பாட்டைப் பரிமாறினார்கள்.

அன்றிலிருந்து ஊர் முழுக்க இதே கதைதான். பெண் பார்க்கிற வீடுகளில் எழும்பினார்கள், பணி நிறைவு விழாக்களில் எழும்பினார்கள், இரங்கல் கூட்டத்தில் செத்தவரைப் பற்றிப் பேசி வரிசையாக எழும்பினார்கள். கவுன்சிலர் பிறந்தநாளுக்கு மைதானத்தில், தலைக்குமேல் கூரை இல்லாத மேடையில், அவரை ஏழைகளின் விளக்கு என்று சொன்ன வட்டச் செயலாளர் நேராகப் போய் செல்போன் டவரில் சிக்கிக்கொண்டார். அதே காதில் சொன்னால் போதும் அல்லவா, அங்கிருந்தபடியே கவுன்சிலருக்குப் போன் போட்டு மனசில் இருந்ததைச் சொல்லி, மெதுவாக இறங்கி வந்து, கீழே காத்திருந்த கட்சிக்காரர்களிடம் அடி வாங்கினார். அதோடு திறந்தவெளியில் யாரும் யாரையும் புகழக் கூடாது என்று பேரூராட்சியில் தீர்மானம் போட்டார்கள். புகழ்ச்சியெல்லாம் கூரைக்கு அடியில் வந்தது, அர்த்தநாரியின் மண்டபத்தில் ஒரு நாள் காலி கிடையாது.

சரி, இவ்வளவு ஆனதே, இனிக்கப் பேசுவதை நிறுத்தினார்களா என்றால் அதுதான் இல்லை. எழும்பாமல் இருக்க இரும்புக் கடையில் தராசுப் படிக்கல் வாங்கி இடுப்பில் முடிந்துகொண்டார்கள். அம்மிக் குழவியைக் கைப்பையில் போட்டுக்கொண்டு விசேஷத்துக்குக் கிளம்பினார்கள். கொஞ்ச நாள் போனதும் அதிலும் ஒரு கௌரவம் முளைத்தது. எனக்காக இவ்வளவு உயரம் போனாரே என்று புகழப்பட்டவர் நெகிழ்ந்துபோக ஆரம்பித்தார். "என் மகள் கல்யாணத்துக்குச் சம்பந்தி ஒரு விரல்கூட எழும்பலை, என்ன மனுசன்" என்று ஒருத்தி என்னிடமே மூக்கைச் சிந்தினாள். சம்பந்தி உண்மையிலேயே சந்தோஷப்பட்டிருக்கலாம் அல்லவா என்று கேட்டேன். அதை அவள் யோசித்துக்கூடப் பார்க்கவில்லை.

என் வீட்டில்தான் ஒரு இனிப்பும் இல்லாமல் போனது. மூணு வேளையும் தூக்குப் போசியைக் கயிற்றில் கட்டி அனுப்புவேன். ரசத்தைக் குடிப்பார், போசியைக் கீழே விடுவார், ஒரு வார்த்தை சொல்ல மாட்டார். இன்னும் ஒரு சாண் ஏறினால் கூரை ஓடு பெயர்ந்துவிடும் என்ற பயம் அவருக்கு. அந்தப் 'பிரமாதம்' இல்லாமல் கீழே வந்த வெறும் போசியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். அப்படியானால் இத்தனை வருஷமும்? என்று நினைத்து, நினைத்ததை மூடி வைத்துவிட்டுப் பாத்திரத்தைக் கழுவினேன்.

கோகிலவாணி சாயங்காலமானால் கடையைச் சாத்திவிட்டு வந்துவிடுவாள். ஏதாவது சாக்கு வைத்திருப்பாள், ஒரு நாள் குடை, ஒரு நாள் மருதாணி இலை. கடைசி வரிசை நாற்காலியில் உட்கார்ந்து, மேலே பக்கம் புரளுகிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருப்பாள். மேலே பார்க்க மாட்டாள். அவர் சிரித்தால் எந்த இடத்துக்குச் சிரித்தார் என்று அவள் முகம் தேடும். அவர் கொட்டாவி விட்டால் சேலைத் தலைப்பைச் சரிசெய்துகொள்வாள். இத்தனை வருஷத்தில் அந்தக் கதையை ஒரு உயிர் படிக்கிற சத்தத்தை அவள் இப்போதுதான் கேட்கிறாள் என்று எனக்குப் புரிந்தபோது, முதல் நாள் அவள்மேல் இருந்த எரிச்சலெல்லாம் எனக்குப் போய்விட்டது.

"எந்த எடத்துல இருக்காருங்க அக்கா?" என்று ஒரு நாள் மெதுவாகக் கேட்டாள்.

போரில் இருக்கிறார் என்றேன். மறுநாளும் கேட்டாள், போரில்தான் இருந்தார். அதற்கு மறுநாள் அவள் கேட்கவில்லை, நானாகச் சொன்னேன், இன்னும் போர் முடியவில்லை கண்ணு என்று. அவள் எழுதின போர்தானே, அவளுக்குத் தெரியாதா, ஆனால் அன்றைக்குத்தான் அது எவ்வளவு நீளம் என்று அவளுக்கே தெரிந்த மாதிரி இருந்தது.

ஒரு நாள் மத்தியானம் மண்டபத்தில் யாரும் இல்லை. நான் கீழே பூத்தொடுத்துக்கொண்டிருந்தேன், தரையில் ஒரு சொட்டுத் தண்ணீர் விழுந்தது. ஓடு ஒழுகுகிறதோ என்று அண்ணாந்தால் அவர் அழுதுகொண்டிருந்தார். பதறிப்போய் ஏணியில் ஏறினேன். உடம்புக்கு ஒன்றும் இல்லை, ராணி செத்துப்போனாள் என்றார்.

அந்த ராணி மண்ணை ஆள்கிறவள். இனிக்கப் பேசினவர்கள் எல்லாரும் வானத்துக்குப் போய்த் தன் தலைமேல் நாடு கட்டிக்கொண்டார்களே என்ற வெறுப்பில், தன்னிடம் யாரும் இனிப்பாக ஒரு சொல் சொல்லக் கூடாது என்று சின்ன வயசிலேயே ஆணை போட்டுவிட்டாள். அவள் அரண்மனையில் ஒரு கால் தரையைவிட்டு எழும்பினதில்லை. வயசாகி, நோயில் விழுந்து, சாகக் கிடக்கிறபோது, காலைப் பிடித்துக்கொண்டிருக்கிற பணிப்பெண்ணைப் பார்த்து "நான் எப்போதாவது அழகாக இருந்திருக்கிறேனா?" என்று கேட்கிறாள். பணிப்பெண் பழக்கத்தில் "இல்லை, ராணி" என்கிறாள். ராணி எட்டி அவள் பாதத்தைப் பார்க்கிறாள். பாதம் தரையில் இருக்கிறது. சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டு செத்துப்போகிறாள். இவ்வளவுதான் அந்த அத்தியாயம். அவர் படித்துக் காட்டினார், ஏணியில் நின்றபடி நானும் அழுதேன்.

"முழுசாப் படிச்சாச்சு, இதுக்கு முன்னாலயும் பின்னாலயும் இருக்கறதெல்லாம் குப்பை, துளசி" என்றார். "இதை அந்தப் புள்ளகிட்ட எப்படிச் சொல்லுவேன்?"

சொன்னால்தான் அவர் இறங்க முடியும். சொன்னால் அவள் உடைந்துபோவாள். ஊரே கேட்க ஏறினவர் ஊரே கேட்கத்தான் இறங்கியாக வேண்டும் என்று அர்த்தநாரி அதற்குள் சிறப்புக் கூட்டத்துக்கு விளம்பரத் தட்டியெல்லாம் வைத்துவிட்டார். என் புருஷன் தரைக்கு வர வேண்டும் என்று குலசாமிக்கு வேண்டிக்கொண்டேன், வேண்டிக்கொள்கிறபோதே அந்தப் பெண்ணின் முகம் நடுவில் வந்து நின்றது.

கூட்டத்தன்று நிற்க இடமில்லை. கோகிலவாணி புதுச் சேலை கட்டிக்கொண்டு மேடையில் உட்கார்ந்திருந்தாள். நான் அவள் பக்கத்தில். அவர் மேலேயிருந்து, மைக் வேண்டாம் என்று சொல்லிவிட்டு, முதல் தடவையாகச் சின்னக் குரலில் பேசினார்.

முதல் இருநூறு பக்கம் தேவையே இல்லை என்றார். ஒரு முழம் இறங்கினார். கூட்டம் கை தட்டியது. ஊர்ப் பெயர்களும் ஆள் பெயர்களும் ஒன்றுபோலவே இருப்பதால் யார் செத்தார், யார் அழுகிறார் என்று தெரியவில்லை என்றார், ஓர் ஆள் உயரம் சரேலென்று இறங்கினார். விசில் அடித்தார்கள். போர்க் கட்டத்தில் இரண்டு தடவை தூங்கிவிட்டேன், புத்தகம் நழுவிக் கீழே பந்தியில் விழுந்தது, எடுத்துக் கொடுத்தவர்கள் எந்தப் பக்கத்தைப் பிரித்துக் கொடுத்தாலும் எனக்கு வித்தியாசம் தெரியவில்லை என்றார். இறங்கு, இன்னும் இறங்கு என்று பின்வரிசையில் எழுந்து நின்று கத்தினார்கள். அவர் ஒவ்வொரு முழம் இறங்குகிறபோதும் அந்தப் பெண் நாற்காலியில் ஒரு முழம் குறுகினாள், ஊர் சந்தோஷமாகக் கை தட்டியது. யார் மனசையும் நோகடிக்கக் கூடாது என்று பிறந்ததிலிருந்து பழகின ஊர். எனக்கு என் ஊரைப் பார்த்து அருவருப்பாக இருந்தது.

இடுப்பளவு உயரத்துக்கு வந்ததும் அவர் நிறுத்தி, கோகிலவாணியை மட்டும் பார்த்துப் பேசினார். ராணி சாகிற அத்தியாயத்தைப் போல ஒன்றை நான் படித்ததில்லை, அழுதேன், என் வீட்டிலும் அழுதாள், அதை மட்டும் வைத்துக்கொண்டு மிச்சத்தையெல்லாம் எடுத்துப் போட்டுவிடுங்கள் அம்மணி, இது நல்ல நாவல் இல்லை என்றார். பாதம் தரையில் பட்டது. நடந்து பழக்கம் விட்டுப்போய்த் தடுமாறினார், அர்த்தநாரி ஓடிவந்து பிடித்துக்கொண்டார். மண்டபம் இடிந்துவிடுகிற மாதிரி கைதட்டல்.

எங்கள் ஊர் மரபுப்படி அப்புறம் எழுதினவர் ஏற்புரை சொல்ல வேண்டும். கோகிலவாணி எழுந்து மைக்கின் முன்னால் வந்தாள். சார் முழுசாகப் படித்ததே தனக்குப் பெரிய விஷயம் என்றாள். கால் தரையில் இருந்தது. அப்புறம், பிறந்த ஊர் விடுமா, சிரித்த முகத்தோடு அவர் பக்கம் திரும்பினாள்.

"எனக்கு இதுல ஒண்ணும் வருத்தமில்லீங்க சார்."

சேலைக் கொசுவம் பலகையைவிட்டு எழும்பியது. அவள் குனிந்து பார்க்காமலே சிரித்துக்கொண்டு நின்றாள், சிரித்துக்கொண்டே மேலே போனாள். நான் பாய்ந்து அவள் முந்தானையைப் பிடித்துக்கொண்டேன். பிடித்த பிடியில் என் குதிகாலும் தூக்கிக்கொண்டது, அவ்வளவு வேகம். அர்த்தநாரி பழக்கத்தில் ஏணியையும் பொன்னாடையையும் தேடினார்.

"சொல்லிப்போடு கண்ணு" என்றேன். "அவருந்தான் சொல்லிட்டாரே, நீயும் சொல்லிப்போடு."

அவள் முகத்தில் சிரிப்பு கொஞ்சம் கொஞ்சமாகக் கழன்றது.

"வருத்தமா இருக்குதுங்க சார்" என்றாள். "ரொம்ப வருத்தமா இருக்குது. வேற எதுவுமே செய்யாம இதைத்தான் செஞ்சேன்."

தொப்பென்று மேடைப் பலகையில் வந்து நின்றாள். நின்ற இடத்தில் அழுதாள். நிறைய பேர் முன்னால் ஒருத்தி உண்மையாக அழுதால் என்ன செய்ய வேண்டும் என்று எங்களுக்கு மரபு இல்லை. கை தட்டுகிறதா, கிளம்புகிறதா என்று தெரியாமல் அத்தனை பேரும் தங்கள் படிக்கற்களைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள்.

என் வீட்டுக்காரர் அர்த்தநாரியின் கையை விட்டுவிட்டு அவள் எதிரே வந்து நின்றார். எத்தனையோ நாள் கழித்துத் தரைக்கு வந்த மனுசன், கால் விரல்களால் பலகையைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஒரு தடவை கூரையை அண்ணாந்து பார்த்தார். அப்புறம் எல்லாம் தெரிந்துதான் சொன்னார்.

"அந்தப் போர்க் கட்டம் இருக்குதுங்களே அம்மணி, யோசிச்சுப் பாத்தா அதுவும் அவ்வளவு மோசமில்லீங்க."

கோகிலவாணி கண்ணைத் துடைத்துக்கொண்டு அவருடைய பாதத்தைப் பார்த்தாள். பாதம் பலகையைவிட்டு ஒரு விரல் எழும்பியிருந்தது. பார்த்துக்கொண்டே இருந்தாள். அப்புறம் அழுகையோடு அழுகையாகச் சிரிக்க ஆரம்பித்தாள்.

"பொய் சொல்றீங்க சார்."

"ஆமாங்க அம்மணி" என்றார்.

அந்த ஒரு விரலை அவர் இறக்கிக்கொள்ளவே இல்லை. பொய் என்று ஒப்புக்கொண்டது அவரைப் பற்றின உண்மை, இறங்க வேண்டுமென்றால் அதே காதில் போய்ப் போர்க் கட்டம் மோசம் என்று மறுபடி சொல்ல வேண்டும், அதற்கு அவருக்கு மனசில்லை. கோகிலவாணி போரையெல்லாம் வெட்டி எறிந்துவிட்டு ராணியை மட்டும் வைத்துச் சின்னதாக ஒரு புத்தகம் எழுதிக்கொண்டிருக்கிறாள், ஜெராக்ஸ் மெஷின் சூடாகிற நேரத்தில்தான். இவர் இன்றைக்கும் அந்த ஒரு விரல் உயரத்தில்தான் கடைக்குப் போகிறார், வருகிறார், செருப்பு தேய்வதே இல்லை.

கூட்டம் முடிந்து வீட்டுக்கு வந்த அன்று இலை போட்டேன். சோற்றைப் போட்டு ரசத்தை ஊற்றினேன். பிசைந்து ஒரு வாய் வைத்தார், நிமிர்ந்து என்னைப் பார்த்தார், "பிரமாதம், துளசி" என்றார். ஏற்கெனவே ஒரு விரல் உயரத்தில் இருக்கிற ஆள், மணைப்பலகைக்கும் அவருக்கும் நடுவே இருந்தது அதே ஒரு விரல்தானா, அதற்கு மேலேயா என்று குனிந்தால் தெரிந்திருக்கும். நான் குனியவில்லை. இன்னொரு கரண்டி ஊற்றினேன்.